பதினேழாங் கட்டையில் ஒரு வெட்டும் இல்லை

ஒரு வெட்டும் இல்லைத் தம்பி. ஒரேயொரு வெட்டுக்கூட இல்லை. அதைத்தான் என்னால தாங்கேலாமல் கிடக்கு.

யன்னலோரம் நீங்களே இருங்கோ. வெளியில பாக்க எனக்கு ஒண்டும் இல்லை. இந்த ரெயினில கொழும்புக்கோ? நானும் கொழும்புக்குத்தான். நாளைக்குப் பிளைற். பாரிஸ். ஓம், அங்கைதான் இருக்கிறன், கனகாலம். சுத்திப் பாக்க வந்தனீங்களோ எண்டு கேக்கிறியள், என்ன? இஞ்சை எல்லாரும் அதைத்தான் கேக்கினம். எயார்போட்டில நிண்டவனும் அதைத்தான் கேட்டவன். நான் லீவுக்கு வந்த ஆள் இல்லைத் தம்பி. நான் நாடு கடத்தப்பட்ட ஆள். சரி, ஒருதரும் கடத்தேல்லை, நானாத்தான் ஓடினனான். ஓடாட்டில் உயிரோட இருந்திருக்க மாட்டன். அது ரண்டும் ஒண்டுதான்.

சோதிநாயகம் எண்டு கேள்விப்பட்டிருக்கிறியளோ? படம் எடுத்த சோதிநாயகம்? பறவாயில்லை, யோசிக்காதேங்கோ. நீங்கள் அப்ப பிறந்திருக்கவும் மாட்டியள். 'பதினேழாங் கட்டை' எண்டொரு படம்? அதுவும் இல்லை. சரி.

கதை சின்னது. ஒரு வாத்தியார். பதினேழாங் கட்டை, அதுதான் பதினேழாவது மைல்கல்லடியில, றோட்டோரத்துக் கல்லில இருந்து பஸ்ஸைப் பாத்துக்கொண்டிருக்கிறார். விடிய வந்து இருக்கிறார், பின்னேரமாகியும் பஸ் வரேல்லை. வாற போற சனம் நிண்டு கதைக்குது. கடைசியில இருட்டுது. அவ்வளவுதான். சிரிக்காதேங்கோ. பஸ் எண்டு நான் சொன்னது பஸ்ஸை இல்லை.

அரசாங்கம் நினைச்சுது, பஸ் எண்டா ஆயுதம் தூக்கின இயக்கம், சனம் இயக்கத்தைப் பாத்துக்கொண்டிருக்குது எண்டு நான் சொல்லுறன் எண்டு. இயக்கம் நினைச்சுது, பஸ் எண்டா தனி நாடு, அது வராது எண்டு நான் சொல்லுறன் எண்டு. ஒரு ரியூசன் கொட்டிலுக்குள்ள ஒரேயொருக்காப் போட்டுக் காட்டினனாங்கள். அந்தக் கிழமையே ரண்டு பகுதியும் என்னைத் தேடி வீட்டை வந்திட்டுது. படத்துக்குத் தடை. அந்தக் காலத்தில ரண்டு பகுதியும் ஒத்துப்போன விசயம் எண்டால் அது என்ர படம் ஒண்டுதான். விளங்குதோ? அப்பிடிப்பட்ட படம்.

நான் உடுப்புக்கூட எடுக்கேல்லை. நெகற்றிவ் ரின்னுகளை மட்டும் ஒரு பெட்டிக்குள்ள அடைஞ்சுகொண்டு வெளிக்கிட்டனான். மனிசி பேந்து வள்ளத்தில இந்தியாவுக்குப் போய், அங்கை முகாமில கிடந்து, கன வருசம் கழிச்சுத்தான் என்னட்டை வந்து சேந்தவ. அது வேற கதை. அதை விடுங்கோ.

பாரிஸிலயும் சும்மா இருக்கேல்லைத் தம்பி. சாப்பாட்டுக் கடையில கோப்பை கழுவிக்கொண்டே கதை எழுதினனான். ஒரு மாடிவீட்டில லிஃப்ற் பழுதாப் போகுது, பத்து நாட்டுச் சனம் படியில ஏறி இறங்கேக்க ஒண்டையொண்டு தெரிஞ்சு கொள்ளுது. நல்ல கதை. ஒரு வெள்ளைக்காரத் தயாரிப்பாளர் வாசிச்சுப்போட்டுக் கேக்கிறார், 'மிஸ்யே, இதில குண்டு எங்கை? நீங்கள் யுத்தத்தால ஓடிவந்த இயக்குநர் எல்லோ?' எண்டு. சரி, குண்டு போட்டு வேற கதை எழுதினன். அதுக்குள்ள அவர் மாறி வேற ஆள் வந்திட்டார். அவர் சொல்லுறார், இப்ப யுத்தக் கதைக்கு மவுசு இல்லையாம். எங்கட ஆக்களிட்டைப் போனால், ஒரு மளிகைக்கடைக்காரர் காசு போடுறன் எண்டார். ரண்டு பாட்டு வேணும், தன்ர மகள் கதாநாயகி. பிள்ளைக்குத் தமிழ் வராது. பறவாயில்லை, ஊமைப்பிள்ளை எண்டு எழுதுங்கோ எண்டார்.

பேந்து என்ன, பொம்பிளைப் பிள்ளை வயசுக்கு வந்தால் செய்யிற சாமத்தியவீட்டு வீடியோதான். நீங்கள் இஞ்சை பாக்கிற மாதிரி இல்லை அங்கை. பிள்ளை பல்லக்கில வரும், புகை விடுவினம், குதிரை வண்டியும் வரும். நான் அதையும் ஒரு ஒழுங்காத்தான் எடுத்தனான். பிள்ளை தாயின்ர முகத்தைப் பாக்குது, தாய் பிள்ளையின்ர பின்னலைச் சரிபண்ணுறா, அப்பிடி. எடுத்துக் குடுத்தால் தேப்பன்காரன் கொண்டுவந்து மேசையில எறியிறான். 'என்ன அண்ணை, ஒருதரும் கமராவைப் பாக்கேல்லை! எங்கட பிள்ளைக்கு முகம் இல்லையோ?' எண்டு.

கமராவைப் பாக்காதேங்கோ. என்ர வாழ்க்கை முழுக்க நான் சனத்துக்குச் சொன்னது இது ஒண்டுதான். ஒருதரும் கேட்ட பாடில்லை.

வீட்டுச் செலவோ? மனிசி ஒபிஸ் துப்பரவு வேலைக்குப் போறவ. விடிய எழும்பிப் போனா எண்டால் மத்தியானம் வருவா. அவவுக்கு அது பழகிப் போச்சு. எனக்குத்தான் வீட்டில தனிய இருந்து யோசிச்சு யோசிச்சுத் தலை வெடிக்கும்.

ஆனா எனக்கொரு மரியாதை இருந்தது. அதைச் சொல்லோணும். வருசத்துக்கு ஒண்டு ரண்டு கூட்டத்துக்குக் கூப்பிடுவினம். மேடையில இருத்தி, 'தடைசெய்யப்பட்ட இயக்குநர்' எண்டு சொல்லித் தொடங்குவினம். உடன மண்டபம் அமைதியாகீடும். நான் அந்த ஒரு படத்துக்குப் பிறகு ஏன் படம் எடுக்கேல்லை எண்டு ஒருதரும் கேக்க மாட்டினம். கேக்கேலாது. தடைசெய்யப்பட்ட ஆள் எப்பிடிப் படம் எடுக்கிறது? அந்தத் தடை இருந்தபடியாத்தான் நான் ஒரு ஆள் தம்பி. இதை நான் வெக்கமில்லாமல் சொல்லுறன்.

வடை வேண்டுவமோ? டேய் வடை, இஞ்சை நாலு. சூடா இருக்கோ? சாப்பிடுங்கோ, சாப்பிடுங்கோ.

போன மாசி மாதம் யாழ்ப்பாணத்தில இருந்து ஒரு போன் கோல். மயூரதன் எண்டு ஒரு விரிவுரையாளர், திரைப்பட வட்டம் எண்டு ஒண்டை நடத்துறார். என்ர நெகற்றிவைப் பாரிஸ் ஆவணக்காப்பகம் ஒண்டு கொம்பியூட்டரில ஏத்தி வைச்சிருக்கு, அது எப்பிடியோ இவருக்குத் தெரிஞ்சிட்டுது. 'சேர், படத்தை ஊரில போடப்போறம். தணிக்கைக்கு அனுப்பியிருக்கிறம். நீங்களும் வரோணும்' எண்டார். நான் சொன்னன், தம்பி, உமக்கு விளங்கேல்லை, அந்தப் படத்தை ஒருநாளும் விடமாட்டாங்கள், நான் வந்தால் என்னையும் விடமாட்டாங்கள் எண்டு. சொல்லிப்போட்டு இரவு முழுக்க யோசிச்சன். வயசு போட்டுது. இனிப் பிடிச்சு என்ன செய்யப்போறாங்கள்? பிடிக்கட்டும். பிடிச்சால் உலகத்துக்குத் தெரிய வரும். அப்ப மயூரதனுக்கு எழுதினன், எது நடந்தாலும் வாறன் எண்டு.

சும்மா வரேல்லை. ஒரு லோயரின்ர நம்பரைச் சேர்ட் பொக்கற்றுக்குள்ள வைச்சனான். ஒரு அறிக்கை எழுதி ரண்டு பத்திரிகைக்காரரிட்டைக் குடுத்தனான், நான் பிடிபட்ட உடன போடுங்கோ எண்டு. மனிசி என்ன செய்தவ எண்டால், சூட்கேஸில சவுக்காரமும் துவாயும் பிறசர் மருந்துக் குளிசையும் தனிப் பையில கட்டி வைச்சவ. 'உள்ளுக்குப் போட்டாங்கள் எண்டால் இந்தப் பையை மட்டும் கேட்டு வாங்குங்கோ' எண்டா. அவவுக்கு அரசியல் விளங்காது. சவுக்காரம்தான் விளங்கும்.

கட்டுநாயக்கா எயார்போட்டில இறங்கினன். வரிசையில நிக்கிறன். குடிவரவில ஒரு பெடியன். பாஸ்போட்டைப் பாத்தான். என்னைப் பாத்தான். 'லீவுக்கோ அங்கிள்?' எண்டு தமிழில கேட்டான். டப் எண்டு சீல் குத்திக் குடுத்தான். நான் சொன்னன், தம்பி, வடிவாப் பாரும், சோதிநாயகம், கொம்பியூட்டரில அடிச்சுப் பாரும் எண்டு. அவன் திருப்பி அடிச்சுப் பாத்தான். 'ஒண்டும் இல்லையே அங்கிள்' எண்டான். பழைய பேரேடு ஏதும் இருக்கும், அதையும் பாரும் எண்டன். பின்னுக்கு நிண்ட பொம்பிளை ஒண்டு, பிள்ளையைத் தூக்கி வைச்சுக்கொண்டு, 'ஐயா, வழியை விடுங்கோ, பிள்ளை அழுது' எண்டா. வழியை விட்டன். வேற என்ன செய்யிறது?

மனிசிக்குப் போன் எடுத்தன். 'பிடிச்சவங்களோ?' எண்டா. இல்லை எண்டன். 'அப்பாடா, முருகா' எண்டு போனுக்குள்ளயே அழுதா. எனக்கு வந்த கோவத்துக்கு வைச்சிட்டன்.

யாழ்ப்பாணம் போகமுதல் தணிக்கைக் கந்தோருக்குப் போனனான். ஏன் போனனீங்கள் எண்டு மயூரதன் இப்பவும் கேக்கிறார். ஏனெண்டால் நான் வந்து இறங்கின பிறகு அவர் போனில சொன்னவர், படம் பாஸ் ஆகீட்டுது, ஒரு வெட்டும் இல்லை எண்டு. நான் நம்பேல்லை. எங்கையோ பிழை நடந்திருக்கு, சரியாப் பாக்காமல் விட்டிருப்பாங்கள் எண்டு நினைச்சன்.

அங்கை ஒரு அதிகாரி அம்மா இருந்தா. ரிஸ்வானா எண்டு பேர், கண்டிப் பக்கத்து ஆள், நல்ல தமிழ். தேத்தண்ணி தந்தா. 'சேர், எவ்வளவு அமைதியான படம்! நாங்க எல்லாரும் விரும்பிப் பாத்தோம்' எண்டா. நான் கேட்டன், அம்மா, நீங்கள் முழுக்கப் பாத்தனீங்களோ எண்டு. முழுக்கப் பாத்தவவாம். பஸ் வராத கட்டத்தைப் பாத்தனீங்களோ? 'படம் முழுக்க வரல்லதானே சேர்.' அப்ப அது என்ன எண்டு விளங்கேல்லையோ? அவ யோசிச்சா. யோசிச்சுப்போட்டுச் சொல்லுறா: 'போக்குவரத்துப் பிரச்சினைதானே சேர். இப்ப அந்த ரூட்டில நல்லா பஸ் ஓடுதாம். நாங்க சின்னப் பிள்ளைகளும் பாக்கலாம்னு போட்டிருக்கோம்.'

சின்னப் பிள்ளைகளும் பாக்கலாம்!

நான் மேசையில கையை ஊண்டி எழும்பிச் சொன்னன், அம்மா, இந்தப் படத்துக்காக நான் வீடு விட்டனான், ஊர் விட்டனான், என்ர அப்பா செத்ததுக்கு வரேல்லை, தயவு செய்து இன்னொருக்காப் பாருங்கோ, ஒரு வெட்டாவது இல்லாமல் இருக்கேலாது எண்டு. அந்த மனிசி பயந்து போனா. 'சேருக்கு வேணும்னா நீங்களே எங்கயாவது வெட்டிட்டுக் கொண்டு வாங்க, நாங்க அதையும் பாஸ் பண்றோம்' எண்டா. நல்ல மனசோடதான் சொன்னா. அதுதான் இன்னும் கோவம். அடிச்சாத் தாங்கலாம், தேத்தண்ணி தந்தால் என்ன செய்யிறது?

வவுனியா வந்திட்டுதோ? இல்லை, இன்னும் இல்லை.

சரி, படம் போட்ட கதைக்கு வாறன். மயூரதன் ஒரு வேலை செய்தவர். படம் எடுத்த இடத்துச் சனத்தை, அந்தப் பதினேழாங் கட்டை ஊர்ச் சனத்தை, மண்டபத்துக்குக் கூட்டிவர ஒரு பஸ் பிடிச்சவர். நான் வாசலில நிக்கிறன், பஸ் வருது. சொன்ன நேரத்துக்கு வந்திட்டுது தம்பி. அதைப் பாக்க எனக்கு விசர்தான் பிடிச்சுது.

இறங்குது சனம். கிழடு கட்டை, மருமக்கள், பேரப்பிள்ளையள். நான் முன்வரிசையில இருந்தன். லைற் அணைஞ்சுது. என்ர வாத்தியார் வந்து கல்லில இருக்கிறார். முதல் ஷொட். மூண்டு நிமிசம் ஒண்டும் நடக்காது, அதுதான் அதின்ர அழகு. பின்னாலை ஒரு பொம்பிளை கத்துறா, 'அங்கை பாரடி, சின்னாச்சி வீட்டுப் படலை!' இன்னொண்டு, 'அது மணியத்தின்ர கடை! ஐயோ, அந்த வேம்பு!' தொடங்கீட்டுது. ஒரு கிழவன், 'உதிலை தண்ணி அள்ளுறது எங்கட அம்மா, உது எங்கட அம்மா' எண்டு எழும்பி நிக்கிறார். வாத்தியார் பேசுறார், ஒருதரும் கேக்கேல்லை. நான் ரண்டு வருசம் எழுதின வசனம். அதுகள் றோட்டுக்கு அங்காலை பாக்குதுகள். வேலியைப் பாக்குதுகள், மாட்டைப் பாக்குதுகள், பின்னாலை நடந்து போறவையைப் பாக்குதுகள். அந்த ஊரில இப்ப ஒரு வீடும் இல்லையாம், எல்லாம் செல்லடியில அழிஞ்சு போச்சாம். எனக்கும் விளங்குது. ஆனா அதுக்காக?

நான் எழும்பித் திரும்பிச் சொன்னன், வாத்தியாரைப் பாருங்கோ, தயவு செய்து வாத்தியாரைப் பாருங்கோ எண்டு. அந்தக் கிழவன் சொல்லுறார், 'வாத்தியாருக்கு நடிச்சவன் கனடாவில சுகமா இருக்கிறான் தம்பி. நாங்கள் பின்னால நிக்கிறவையைப் பாக்கிறம்.'

இப்ப சொல்லுங்கோ, ஒரு இயக்குநருக்குச் சொல்லுற சொல்லோ இது?

அதுக்குள்ள ஒரு பொம்பிளை எழும்பி, 'நிப்பாட்டுங்கோ! நிப்பாட்டுங்கோ!' எண்டு குழறினா. மயூரதன் நிப்பாட்டீட்டார். என்னட்டைக் கேக்கேல்லை. என்ர படத்தை அரசாங்கமும் நிப்பாட்டினது, இயக்கமும் நிப்பாட்டினது. இப்ப இவவும்.

அவ நிப்பாட்டின இடம் எது எண்டு சொன்னால்தான் உங்களுக்கு என்ர வயித்தெரிச்சல் விளங்கும். படத்தில எனக்குப் பிடிக்காத ஷொட் ஒண்டு இருக்கெண்டால் அதுதான். வாத்தியார் குடையை விரிச்சுப் பிடிக்கிறார், முகத்தில வெய்யில் விழுது, அவ்வளவு வடிவா வருது. அந்த நேரம் பாத்துப் பின்னால ஒருத்தன் சைக்கிளில வந்து, இறங்கி, நேர கமராவைப் பாத்துக்கொண்டு நிக்கிறான். நடிகன் இல்லை, றோட்டால போனவன். இருவது இருவத்திரண்டு வயசிருக்கும். நான் கமராவுக்குப் பின்னாலை நிண்டு, இஞ்சை பாக்காதை, அங்காலை திரும்பு எண்டு கத்தினன். திரும்பினான். ஆனா ஷொட் போச்சு. திருப்பி எடுக்கப் பிலிம் இல்லை. இருந்த பிலிம் அவ்வளவுதான், அதையும் கல்யாணவீட்டுக்குப் படம் பிடிக்கிற ஆளிட்டைக் கடன் வாங்கினது. கொஞ்ச செக்கன்தான், சனம் கவனிக்காது எண்டு விட்டிட்டன். ஒவ்வொருக்காலும் படத்தைப் பாக்கேக்க அந்த இடத்தில எனக்குப் பல்லுக் கூசும்.

அந்த இடத்தில நிப்பாட்டி வைச்சுக்கொண்டு, மண்டபம் முழுக்க அவனைப் பாக்குது. திரை நிறைய அவன்ர முகம் பாத்துக்கொண்டு நிக்குது, வாத்தியார் குடையோட ஓரத்தில.

'என்ர தம்பி' எண்டா அந்தப் பொம்பிளை. தவமலர் எண்டு பேர். 'சீலன். என்ர தம்பி சீலன்.' திருப்பிப் போடச் சொன்னா. போட்டவை. இன்னொருக்கா எண்டா. போட்டவை. சனம் எல்லாம் போனைத் தூக்கித் திரையைப் படம் பிடிக்குது. நாலாந்தரம் போடேக்க நான் எழும்பி வெளியில போயிட்டன். படத்தின்ர மிச்சத்தை ஆரும் பாத்தவையோ தெரியாது. வாத்தியார் இருட்டுக்குள்ள எழும்பி நடக்கிற கடைசிக் கட்டம், அதைத்தான் நான் படமெண்டு நினைச்சிருந்தனான்.

விடிஞ்சு நான் தங்கியிருந்த இடத்துக்கு அவ வந்திட்டா. கையில ஒரு பையில முருங்கைக்காயும் பனம்பழப் பினாட்டும். மன்னிப்புக் கேட்டா, உங்கட படத்தைக் குழப்பிப்போட்டன் அண்ணை எண்டு. நானும் ஓம், குழப்பினனீங்கள்தான் எண்டன். பொய் சொல்லேலாது.

தம்பிக்காரனை ஆமி பிடிச்சுக் கொண்டு போனதாம். அந்தப் படம் எடுத்ததுக்கு அடுத்த வருசம். இண்டைவரைக்கும் தகவல் இல்லை. அவன்ர படம் ஒண்டும் இல்லையோ வீட்டில எண்டு கேட்டன். 'சுத்திவளைப்பு வருதெண்டு சொல்ல, அம்மா வீட்டில இருந்த படமெல்லாத்தையும் அடுப்புக்குள்ள போட்டிட்டா அண்ணை. பெடியன்ர முகம் தெரியாட்டில் பிடிக்கமாட்டாங்கள் எண்டு நினைச்சவ. படத்தை எரிச்ச அண்டைக்குப் பின்னேரம் ஆளைப் பிடிச்சிட்டாங்கள்' எண்டா. பேந்து எங்கை முறைப்பாடு குடுக்கப் போனாலும் முதல் கேள்வி, படம் இருக்கோ? எல்லாத் தாய்மாரும் படத்தை நெஞ்சில பிடிச்சுக்கொண்டு றோட்டில நிப்பினம், இவவின்ர தாய் பேரெழுதின மட்டையோட நிண்டவவாம். செத்தும் போனா.

அந்தத் துண்டை வெட்டித் தாறன், கொண்டு போங்கோ எண்டன். கோவத்திலதான் சொன்னன். ஒருதரும் வெட்டாத படத்தை நான் வெட்டிக் குடுக்கிறன், என்ன இப்ப!

அவ வேண்டாம் எண்டா. 'வெட்டாதேங்கோ அண்ணை. முழுப் படத்தையும் தாங்கோ. நான் தொடக்கத்தில இருந்து பாத்துக்கொண்டிருப்பன். அவன் வாற இடம் வரைக்கும் வாத்தியாரோட இருப்பன்.'

தம்பி, முப்பது வருசத்துக்கு மேலா இந்தப் படத்தை முதலில இருந்து பாக்கிறன் எண்டு சொன்ன முதல் ஆள் அவதான். அதுவும் பிழையான காரணத்துக்கு.

பேந்து அவ கேக்கிறா, 'அண்ணை, அவன் நல்ல வடிவா எங்களைப் பாத்துக்கொண்டு நிக்கிறான், திடீரெண்டு ஏன் முகத்தைத் திருப்பினவன்?' நான்தான் திரும்பச் சொன்னனான் எண்டன். கமராவைப் பாக்கக்கூடாது, அது சினிமாவில ஒரு விதி எண்டன். அவ சிரிச்சா. 'அவன் ஒருதற்ரை சொல்லும் கேக்கமாட்டான் அண்ணை. அம்மா சொல்லியே கேளான். உங்கட சொல்லைக் கேட்டிருக்கிறான்' எண்டா. சொல்லிப்போட்டுக் கேட்டா, 'திரும்பிப் போனபிறகு என்ன செய்தவன்?'

நான் சொன்னன், தெரியாது, அதோட ஷொட் முடிஞ்சுது எண்டு.

முடியேல்லைத் தம்பி. அதுதான் விசயம். அவன் என்ர சொல்லையும் கேக்கேல்லை. ஒருக்காத் திரும்பினான், பேந்து கமராப் பக்கம் திரும்பி, சைக்கிளில சாய்ஞ்சுகொண்டு, என்னைப் பாத்துப் பல்லெல்லாம் தெரியச் சிரிச்சான். என்னைப் பகிடி பண்ணின சிரிப்பு. கமராக்காரனும் நிப்பாட்டாமல் சிரிச்சுக்கொண்டு எடுத்திட்டான், இருந்த கொஞ்சப் பிலிமும் அதோட முடிஞ்சுது. அதை நான்தான் கத்தரிக்கோலால வெட்டினனான். அந்தத் துண்டு மற்றக் கழிவுத் துண்டுகளோட ஒரு பிஸ்கற் ரின்னுக்குள்ள கிடந்து, அந்தப் பெட்டியோட பாரிஸுக்கும் வந்திட்டுது. பாரிஸில ஆறேழு வீடு மாறினனாங்கள். ஒவ்வொருக்காலும் நான் மனிசிக்குச் சொல்லுறது, அந்த ரின்னை எறி, அது குப்பை எண்டு. அவ சொல்லுக் கேக்கிற ஆள் இல்லை. தன்ர பழைய சீலைத் துண்டால சுத்தி, ஒவ்வொரு வீட்டிலயும் அலுமாரிக்கு மேலை வைச்சிடுவா. பிலிமைச் சீலையால சுத்துறதோ? விசர் வேலை.

தவமலருக்கு இதை நான் சொல்லேல்லை. சொல்லி, ரின்னைத் திறக்கப் பிலிம் பழுதாப் போயிருந்தால்? பழைய பிலிம் புளிச்சுப் போகும் தம்பி, வினாகிரி மணம் வரும், சுருண்டு உக்கிப் போகும். ரண்டாந்தரமும் அவனைக் காணாமல் பண்ணுறதோ? அதால சொல்லாமல், முழுப் படத்தையும் மயூரதனிட்டைச் சொல்லிக் குடுப்பிச்சிட்டு ரெயின் ஏறீட்டன். மத்தியானம் ஸ்ரேசனில நிண்டு மனிசிக்குப் போன் எடுத்து, ரின் கிடக்கோ எண்டு கேட்டன். கிடக்காம். வேலையால வந்து திறந்து பாக்கிறன் எண்டவ.

அந்தத் துண்டு நல்லா இருந்தால் படத்தில சேக்கப்போறன். அவவுக்காக இல்லை, அப்பிடி நினைக்காதேங்கோ. ஷொட்டின்ர நீளம் காணாது, கொஞ்சம் நீட்டினால்தான் வடிவு, அதுக்காக. சேர்த்தால் திரும்பத் தணிக்கைக்குப் போடோணும். போடுவன்.

பொறுங்கோ, மனிசிதான் எடுக்கிறா. போனில சார்ஜும் இல்லை, கோதாரி.

ஹலோ? ஹலோ சறோ? ஓம், ரெயினுக்குள்ள நிக்கிறன், சொல்லு. திறந்தனியோ? மணக்குதோ? கொஞ்சம் புளிப்பு மணமோ? எவ்வளவு கொஞ்சம்? சரி, சரி. குடை வாற துண்டைத் தேடு. கன துண்டு கிடக்கும், ஒவ்வொண்டா யன்னல் வெளிச்சத்தில பிடிச்சுப் பார். மருந்துப் பேர் வாசிக்கிற பூதக்கண்ணாடி இருக்கெல்லோ, அதை வை. ஏற்கெனவே எடுத்து வைச்சிட்டியோ? ஒரு ஆள், சைக்கிள், ஓம், அதுதான்! உக்கேல்லையே? கிழியேல்லையே? என்ன, முகம் வெள்ளையில்லையோ, கறுப்பாக் கிடக்கோ? அது நெகற்றிவ் சறோ, எல்லாம் மாறித்தான் தெரியும். என்ன, பல்லுக் கறுப்பாக் கிடக்கோ? அழுறானோ சிரிக்கிறானோ தெரியேல்லையோ?

சிரிக்கிறான். சறோ, அவன் சிரிக்கிறான். எனக்குத் தெரியும், நான்தானே எடுத்தனான்.

விரல் வைக்காதை! படத்தில விரல் வைக்காதை! ஓரத்தில பிடி, ஓரத்தில! என்ன? ஏன் இப்ப அழுறாய்? உனக்கு அவனை ஆரெண்டு தெரியுமோ? ஹலோ? ஹலோ?

செத்திட்டுது போன்.

பாத்தியளோ தம்பி? என்ர படத்தை எத்தினை தரம் பாத்திருப்பா, ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டதில்லை. நான் எறியச் சொன்ன துண்டைப் பாத்து அழுறா.

இனித் தணிக்கைக்காரர் வெட்டுறதெண்டால் வெட்டட்டும் பாப்பம். அந்தத் துண்டில ஆராவது கை வைக்கட்டும், அந்தக் கந்தோர் வாசலில போய்க் குந்தியிருப்பன். தேத்தண்ணி தந்தாலும் எழும்பமாட்டன்.

உங்கட போனில சார்ஜ் இருக்கோ? ஒருக்காத் தாங்கோ. தவமலரின்ர நம்பர் இந்தத் துண்டில எழுதிக் கிடக்கு, எனக்குக் கண் வடிவாத் தெரியேல்லை, நீங்களே அடிச்சு விடுங்கோ. பெரிசா ஒண்டுமில்லை. உங்கட தம்பி திரும்பினவன் எண்டு சொல்லோணும்.